தீர்ப்பின்றி முடிந்த எரிபொருள் வழக்கு

அரச நிறுவனமொன்றில் முறைகேடு நடந்துள்ளதாகச் செய்தி வெளியாகும் போதெல்லாம் நம் நாட்டு மக்களின் பார்வை இறுதியில் உயர் நீதிமன்றத்தை நோக்கியே திரும்புகின்றது. பாராளுமன்றத்தில் கூச்சல் எழும். இலஞ்ச ஊழல் ஆணைக்குழுவில் முறைப்பாடு பதிவாகும். கோப் குழு அறிக்கை சமர்ப்பிக்கும். இவற்றால் ஆகப்போவது எதுவுமில்லை என்ற அனுபவம் மக்களுக்கு நிறையவே உண்டு. ஆதலால் பொதுநல வழக்கு ஒரு கடைசிப் புகலிடமாகக் கருதப்பட்டு வந்திருக்கின்றது. அந்த நம்பிக்கை எந்த அளவுக்குத் தகுதியானது என்பதை ஆராய இலங்கை பெற்றோலியக் கூட்டுத்தாபனத்தின் 'ஹெட்ஜிங்' வழக்கு நல்லதோர் உதாரணமாகும். 2008 நவம்பரில் பெரும் ஆரவாரத்துடன் ஆரம்பமாகி, 2009 ஜனவரியில் சத்தமின்றி முடிவுக்கு வந்த வழக்கு அது. முடிவுக்கு வந்ததே தவிர, குற்றச்சாட்டு உண்மையா பொய்யா என்பது குறித்து அதில் தீர்ப்பு எதுவும் வழங்கப்படவில்லை.

'ஹெட்ஜிங்' என்ற சொல்லை அந்நாட்களில் பத்திரிகைகளில் படித்து மண்டையைப் பிய்த்துக்கொண்ட வாசகர்கள் பலர். விடயம் அவ்வளவு கடினமானதன்று. மசகு எண்ணெயின் விலை நாளை ஏறிவிடுமோ என்று அஞ்சும் கொள்வனவாளர் ஒருவர், ஒரு குறிப்பிட்ட விலைக்கு மேல் ஏறினால் வித்தியாசத்தைத் தமக்குத் தருமாறு வங்கியொன்றுடன் ஒப்பந்தம் செய்துகொள்கின்றார். அதற்குப் பிரதியாக, விலை இறங்கினால் வித்தியாசத்தை வங்கிக்குக் கொடுக்க அவர் உடன்படுகின்றார். உலகெங்கும் விமானக் கம்பனிகளும் எண்ணெய்க் கம்பனிகளும் செய்துவரும் காரியந்தான் இது. நமது மத்திய வங்கியே 2006 இல் இதனைப் பரிந்துரைத்தது. அமைச்சரவையும் அனுமதி வழங்கியது. 2007 முதல் பெற்றோலியக் கூட்டுத்தாபனம் ஸ்டான்டர்ட் சார்ட்டர்ட், சிட்டி, டொயிச் ஆகிய வெளிநாட்டு வங்கிகளுடனும் மக்கள் வங்கி, கொமர்ஷல் வங்கி ஆகியவற்றுடனும் இத்தகைய ஒப்பந்தங்களைச் செய்துகொண்டது.

குறை ஒப்பந்தங்களின் நிபந்தனைகளில் இருந்தது. டொயிச் வங்கியுடன் 2008 ஜூலை 8 ஆம் திகதி செய்துகொள்ளப்பட்ட ஒப்பந்தத்தை எடுத்துக்கொள்வோம். மாதமொன்றுக்கு 100,000 பீப்பாய் என்ற கணக்கில் 12 மாதங்களுக்கு அது செய்யப்பட்டது. அடிப்படை விலை பீப்பாய்க்கு 112.50 டொலர். விலை அதற்கு மேற்சென்றால் வங்கி பணம் தரும்; ஆனால் அவ்வாறு தரும் மொத்தத் தொகை 25 இலட்சம் டொலரை எட்டியதும் ஒப்பந்தம் முடிந்துவிடும். விலை அதற்குக் கீழே போனாலோ கூட்டுத்தாபனம் பணம் செலுத்த வேண்டும். அதற்கு எல்லையே கிடையாது. விலை 40 டொலருக்கு இறங்கினால் ஒரே மாதத்தில் 72 இலட்சத்து 50 ஆயிரம் டொலர் கட்ட வேண்டியிருக்கும் என்பதைப் பள்ளி மாணவன் ஒருவனே கணக்கிட்டுச் சொல்லிவிடுவான். ஆண்டு முழுவதற்குமாகக் கிடைக்கக்கூடிய அதியுச்ச இலாபத்தின் ஏறக்குறைய மூன்று மடங்கு அது. ஒப்பந்தம் செய்யப்பட்ட அதே வாரத்தில் மசகு எண்ணெய் விலை 147 டொலர் என்ற வரலாற்று உச்சத்தைத் தொட்டது. அவ்வாண்டு டிசம்பரில் 40 டொலருக்கும் கீழே விழுந்தது.

இத்தகைய நிபந்தனைகளுக்கு யார் கையொப்பமிட்டார்கள், யாருடைய அனுமதியுடன், எந்த ஆய்வின் அடிப்படையில் என்ற கேள்விகள் எழுந்தன. அறியாமையால் நிகழ்ந்த தவறா, அன்றி எவரேனும் ஆதாயம் பெற்ற முறைகேடா என்ற சந்தேகமும் உடன் எழுந்தது. இந்தப் பின்னணியிலேயே அடிப்படை உரிமை மீறல் மனுக்கள் உயர் நீதிமன்றத்துக்கு வந்தன.

நமது அரசியலமைப்பில் பொதுநல வழக்கு என்று தனியானதோர் ஏற்பாடு இல்லை. 126 ஆவது உறுப்புரையின்படி அடிப்படை உரிமை மீறப்பட்டவர் தாமாகவோ தமது சட்டத்தரணி மூலமோ ஒரு மாதத்துக்குள் மனுச் செய்யலாம் என்று மட்டுமே உள்ளது. அரச சொத்து சூறையாடப்பட்டால் பாதிக்கப்பட்டவர் யார்? எல்லோருந்தான். எல்லோரும் என்றால் வழக்காடும் உரிமை யாருக்கு? இந்தச் சிக்கலை 2000 ஆம் ஆண்டில் எப்பாவல பொஸ்பேற் வழக்கின் தீர்ப்பு பெருமளவுக்குத் தீர்த்துவைத்தது. அரசின் வளங்களை ஆள்வோர் மக்களின் நம்பிக்கைப் பொறுப்பாளர்களாகவே வைத்திருக்கின்றார்கள் என்ற கோட்பாடும், சட்டத்தின் முன் அனைவரும் சமம் எனும் 12 (1) உறுப்புரையும் இணைக்கப்பட்டு, பொதுமகன் எவரும் நீதிமன்றப் படியேறும் வழி திறந்தது.

அவ்வழியால் சென்று வெற்றி கண்ட வழக்குகளும் உண்டு. 2007 ஜனவரியில் பாராளுமன்றத்தில் சமர்ப்பிக்கப்பட்ட கோப் குழுவின் அறிக்கையை அடித்தளமாகக் கொண்டு இடதுசாரி அரசியல்வாதி வாசுதேவ நாணயக்கார இரண்டு மனுக்களைத் தாக்கல் செய்தார். ஒன்று, பெற்றோலியக் கூட்டுத்தாபனத்துக்குச் சொந்தமாயிருந்து 2002 இல் ஜோன் கீல்ஸ் குழுமத்துக்கு விற்கப்பட்ட லங்கா மரைன் சேர்விசஸ் நிறுவனம் பற்றியது. 2008 ஜூலை 21 ஆம் திகதி வழங்கப்பட்ட தீர்ப்பில், அந்நிறுவனத்துக்குப் புளூமெண்டால் பகுதியில் வழங்கப்பட்ட எட்டு ஏக்கருக்கும் மேற்பட்ட காணியின் உறுதி செல்லுபடியற்றதாக்கப்பட்டது. மற்றையது 2003 இல் தனியார்மயமாக்கப்பட்ட இலங்கைக் காப்புறுதிக் கூட்டுத்தாபனம் பற்றியது. ஏறக்குறைய 600 கோடி ரூபாவுக்கு நிகழ்ந்த அந்த விற்பனையை 2009 ஜூன் 4 ஆம் திகதி நீதிமன்றம் இரத்துச் செய்து பங்குகளைத் திறைசேரிக்குத் திருப்பியது. இரு தீர்ப்புகளையும் வழங்கிய நீதியரசர்கள் குழாமுக்குத் தலைமை தாங்கியவர் அப்போதைய பிரதம நீதியரசர் சரத் என். சில்வா. இத்தீர்ப்புகளுடன் ஒருவர் உடன்படலாம், மாறுபடலாம். ஆவணங்கள் வாசிக்கப்பட்டு, இரு தரப்பும் செவிமடுக்கப்பட்டு, காரணங்கள் எழுதப்பட்ட தீர்ப்புகள் அவை என்பதை மறுப்பதற்கில்லை. ஹெட்ஜிங் வழக்குக்குக் கிட்டாமற்போனது இதுவே.

2008 நவம்பர் 28 ஆம் திகதி உயர் நீதிமன்றம் பிறப்பித்த இடைக்கால உத்தரவு நாட்டையே அதிரவைத்தது. வங்கிகளுக்கான கொடுப்பனவுகளை நிறுத்துமாறு அது பணித்தது. கூட்டுத்தாபனத்தின் தலைவர் அசந்த டி மெல் பணியிலிருந்து இடைநிறுத்தப்பட வேண்டும் என்றது. அமைச்சர் ஏ.எச்.எம். பௌசியிடமிருந்து பெற்றோலிய விடயதானம் அகற்றப்பட வேண்டும் என்றும் கூறியது. இவையனைத்தும் விசாரணையின் தொடக்கத்திலேயே நிகழ்ந்தன. பின்னர் டிசம்பர் 17 ஆம் திகதி வழக்கு வேறொரு திசையில் திரும்பியது. உலகச் சந்தையில் விலை வீழ்ந்துள்ள நிலையில் அதன் பயன் பாவனையாளரைச் சென்றடைய வேண்டும் என்று கருதிய நீதிமன்றம், பெற்றோலை லீற்றர் 100 ரூபாவுக்கு விற்குமாறு உத்தரவிட்டது.

முச்சக்கரவண்டிச் சாரதிகளும் மோட்டார் சைக்கிள் வைத்திருந்த அரச ஊழியர்களும் அன்று நீதிமன்றத்தை வாழ்த்தினார்கள். இதனை நாம் குறையாகச் சொல்லவில்லை. வாழ்க்கைச் செலவு கழுத்தை நெரித்த காலம் அது. எனினும், ஒப்பந்தத்தில் ஊழல் நடந்ததா என்று கேட்டு வந்த மனுவில் பெற்றோலின் சில்லறை விலை எவ்வாறு மையப்பொருளாயிற்று என்ற வினா அன்றே எழுப்பப்பட்டிருக்க வேண்டும். எரிபொருள் விலையில் வரி இருக்கின்றது, வரவு செலவுத் திட்டம் இருக்கின்றது. நடந்துகொண்டிருந்த யுத்தத்தின் செலவும் அதற்குள் இருந்தது. விலை நிர்ணயம் நிறைவேற்று அதிகாரத்தின் கைக்குள் இருந்த காரியம். நீதிமன்றத்தின் கையில் இருந்தது சட்டப் புத்தகம் ஒன்றுதான்.

அரசாங்கம் 100 ரூபா விலையை நடைமுறைப்படுத்தவில்லை. நீதிமன்றம் அதற்கு ஆற்றிய எதிர்வினைதான் இவ்வழக்கின் விசித்திரமான பகுதி. 2009 ஜனவரி 27 ஆம் திகதி இடைக்கால உத்தரவுகள் யாவும் நீக்கப்பட்டு வழக்கு நடவடிக்கைகள் முடிவுறுத்தப்பட்டன. விலைக் குறைப்பு உத்தரவை அரசு மதிக்காதமைக்கு, ஊழல் விசாரணையைக் கைவிடுவது எவ்வகையில் பரிகாரமாகும்? உத்தரவை மீறியது அரசாங்கம். வழக்கை இழந்ததோ மனுதாரர்களும் அவர்களுக்குப் பின்னால் நின்ற மக்களும். அடிப்படை உரிமை மனுக்களை இரண்டு மாதங்களுக்குள் முடிக்க வேண்டும் என்று 126 (5) உறுப்புரை கூறுகின்றது. ஆண்டுக்கணக்கில் மனுக்கள் கிடப்பில் கிடக்கும் நாட்டில் இந்த வழக்கு மட்டும், முதல் உத்தரவு பிறந்த நாளிலிருந்து கணக்கிட்டால், சரியாக 60 நாட்களில் முடிந்துவிட்டது!

இதற்குப் பின் நிகழ்ந்தவை வெளிநாடுகளில் நிகழ்ந்தன. கொடுப்பனவு நிறுத்தப்பட்டதால் வங்கிகள் ஒப்பந்தத்தில் குறிப்பிடப்பட்டிருந்த மன்றங்களை நாடின. ஸ்டான்டர்ட் சார்ட்டர்ட் வங்கி லண்டனில் வழக்குத் தொடர்ந்தது. கூட்டுத்தாபனத்துக்கு இவ்வாறான ஒப்பந்தங்களில் ஈடுபடும் அதிகாரமே சட்டப்படி இல்லை என்ற நமது தரப்பு வாதத்தை ஏற்காத ஆங்கிலேய நீதிமன்றம், 2011 ஜூலையில் 16 கோடி டொலருக்கும் அதிகமான தொகையைச் செலுத்துமாறு தீர்ப்பளித்தது. மேன்முறையீடும் 2012 இல் தள்ளுபடியானது. பின்னர் பேச்சுவார்த்தை மூலம் குறைந்த தொகையொன்றுக்கு இணக்கம் காணப்பட்டது. சிட்டி வங்கியின் கோரிக்கையை 2011 இல் லண்டன் மத்தியஸ்த நியாயசபை நிராகரித்தமை ஓர் ஆறுதல்.

டொயிச் வங்கியின் விவகாரம் இவற்றிலும் பாரதூரமானது. இலங்கைக்கும் ஜேர்மனிக்கும் இடையிலான முதலீட்டுப் பாதுகாப்பு உடன்படிக்கையைப் பயன்படுத்தி அவ்வங்கி, கூட்டுத்தாபனத்தை விட்டுவிட்டு இலங்கை அரசின் மீதே சர்வதேச மத்தியஸ்தத்தில் வழக்காடியது. 2012 அக்டோபர் 31 ஆம் திகதி, மூவர் கொண்ட நியாயசபை இருவரின் பெரும்பான்மையால் வங்கிக்குச் சார்பாக முடிவு செய்தது. 6 கோடி டொலருக்கு மேற்பட்ட தொகையும் வட்டியும் வழக்குச் செலவும் இலங்கையின் தலையில் விழுந்தன. அந்த முடிவில் நியாயசபை குறை கண்டவற்றுள் ஒன்று நமது உயர் நீதிமன்றத்தின் இடைக்கால உத்தரவு. மற்றொன்று, 2008 டிசம்பரில் அந்த ஒப்பந்தங்களை நடைமுறைப்படுத்த வேண்டாம் என மத்திய வங்கி வங்கிகளுக்குப் பிறப்பித்த பணிப்பு. ஹெட்ஜிங்கைப் பரிந்துரைத்த அதே மத்திய வங்கிதான் பின்னர் ஹெட்ஜிங்கை விசாரித்தது என்பதை இங்கு ஞாபகப்படுத்துவது பொருத்தமானது.

வெளிநாட்டு நியாயசபைகள் கூறுவதெல்லாம் வேதவாக்கு என்று நாம் ஏற்க வேண்டியதில்லை. முதலீட்டாளரின் பக்கம் சாய்வுடையவை அவை என்ற விமர்சனம் வளர்முக நாடுகளில் பரவலாக உண்டு, நியாயமான விமர்சனமும்கூட. ஆனால் ஒன்றைச் சிந்தித்துப் பார்க்கலாம். அந்த ஒப்பந்தங்கள் ஊழலால் பிறந்தவை என்றோ, வங்கி அதிகாரிகள் விடயமறியாத அரச நிறுவனமொன்றின் தலையில் அவற்றைக் கட்டிவிட்டார்கள் என்றோ நமது உயர் நீதிமன்றம் சாட்சியங்களை ஆராய்ந்து தீர்ப்பு எழுதியிருந்தால், லண்டனிலும் பிற இடங்களிலும் நமது சட்டத்தரணிகளின் கையில் ஓர் ஆயுதம் இருந்திருக்கும். அவர்கள் கையில் இருந்ததோ, இரண்டு மாதங்களில் பிறந்து மறைந்த ஓர் இடைக்கால உத்தரவு மட்டுமே. அதுவும் எதிர்த்தரப்புக்கே பயன்பட்டது.

குற்றஞ்சாட்டப்பட்டவர்களின் நிலையையும் நோக்க வேண்டும். மூத்த முஸ்லிம் அரசியல்வாதியான அமைச்சர் பௌசியின் பெயர் பல வாரங்கள் தலைப்புச் செய்திகளில் அடிபட்டது. அவர் தவறு செய்தாரா இல்லையா என்பது விசாரிக்கப்பட்டுத் தீர்மானிக்கப்படவில்லை. தவறு செய்திருந்தால் அவர் தப்பிவிட்டார் எனலாம். செய்யாதிருந்தால் அவர் மீது விழுந்த கறையைத் துடைப்பதற்கு வாய்ப்பே வழங்கப்படவில்லை. கூட்டுத்தாபனத் தலைவரின் விடயமும் அவ்வாறே. சிறுபான்மைச் சமூகத்தைச் சேர்ந்த ஒருவர் உயர் பதவியில் இருந்து பெயர் கெடும்போது அந்தப் பேச்சு அவரோடு மட்டும் நின்றுவிடுவதில்லை என்பதை நமது வாசகர்களுக்கு விளக்க வேண்டியதில்லை.

இடைக்கால உத்தரவு என்ற கருவியின் இரு முகங்களையும் தமிழ் மக்கள் நேரில் கண்டவர்கள். 2007 ஜூன் 7 ஆம் திகதி அதிகாலையில் கொழும்பு விடுதிகளில் தங்கியிருந்த நூற்றுக்கணக்கான தமிழர்கள் பஸ்களில் ஏற்றப்பட்டு வவுனியாவுக்கும் மட்டக்களப்புக்கும் அனுப்பப்பட்டார்கள். மாற்றுக் கொள்கைகளுக்கான நிலையம் தாக்கல் செய்த மனுவின் பேரில் மறுநாளே உயர் நீதிமன்றம் அதனைத் தடுத்து நிறுத்தியது. அந்த ஒரு நாள் வேகம் இல்லாதிருந்தால் இன்னும் எத்தனை பஸ்கள் புறப்பட்டிருக்குமோ? ஆகவே இடைக்கால உத்தரவே கூடாது என்று சொல்வாருடன் நாம் உடன்படமாட்டோம். அதே 126 ஆவது உறுப்புரையின் கீழ்த்தான், 18 ஆண்டுகள் இணைந்திருந்த வடக்கும் கிழக்கும் 2006 அக்டோபர் 16 ஆம் திகதித் தீர்ப்பினால் பிரிக்கப்பட்டன என்பதும் நினைவில் இருக்கின்றது. பயங்கரவாதத் தடைச் சட்டத்தின் கீழ் ஆண்டுக்கணக்கில் தடுத்துவைக்கப்பட்டவர்களின் மனுக்கள் நகர்ந்த வேகத்தையும் பெற்றோல் விலை மனு நகர்ந்த வேகத்தையும் ஒப்பிட்டுப் பார்த்தவர்களுக்கு, பொதுநலம் என்ற சொல்லில் உள்ள 'பொது' யாரைக் குறிக்கின்றது என்ற ஐயம் எழுந்ததில் வியப்பில்லை.

தீர்ப்பு வழங்கப்பட்டால் மட்டும் எல்லாம் சரியாகிவிடும் என்று கூறவும் முடியவில்லை. லங்கா மரைன் வழக்கில் நீதிமன்றத்தின் கண்டனத்துக்கு உள்ளான அப்போதைய திறைசேரிச் செயலாளர் பி.பி. ஜயசுந்தர, இனி எந்த அரச பதவியையும் வகிக்கமாட்டேன் என்று 2008 இல் சத்தியக் கடதாசி சமர்ப்பித்தார். பிரதம நீதியரசர் ஓய்வுபெற்றுச் சில மாதங்களில், 2009 செப்டம்பரில், ஏழு நீதியரசர்கள் கொண்ட குழாம் அந்த உறுதிமொழியிலிருந்து அவரைப் பெரும்பான்மை முடிவின் மூலம் விடுவித்தது. நீதியரசர் ஷிராணி திலகவர்தன மாத்திரம் மாறுபட்ட தீர்ப்பை எழுதினார். ஜயசுந்தர மீண்டும் திறைசேரிக்குத் திரும்பினார். 2023 நவம்பர் 14 ஆம் திகதி, பொருளாதாரச் சீரழிவு தொடர்பான பொதுநல வழக்கில், பொது நம்பிக்கையை மீறியவர்கள் என்று உயர் நீதிமன்றம் நான்குக்கு ஒன்று என்ற பெரும்பான்மையால் பெயர் குறித்தவர்களுள், ராஜபக்ஷ சகோதரர்கள் மூவருடனும் மத்திய வங்கியின் முன்னாள் ஆளுநர்களுடனும் அவரும் ஒருவர். அத்தீர்ப்பில் மனுதாரர்களுக்கு வழக்குச் செலவாக ஒன்றரை இலட்சம் ரூபா வழங்கப்பட்டது. நாட்டுக்கு இழப்பீடு எதுவும் இல்லை.

தீர்ப்பு வந்தும் நிலைமை இதுதானெனில், தீர்ப்பே வராத வழக்கைப் பற்றி இவ்வளவு எழுதுவானேன் என்று வாசகர் ஒருவர் கேட்கக்கூடும். 2023 தீர்ப்பில் இழப்பீடு இல்லாவிட்டாலும், நடந்தது என்ன, யாரால் நடந்தது என்பது எழுத்தில் இருக்கின்றது. நாளை ஒரு விசாரணை அதிகாரி அதனைக் கையிலெடுக்கலாம். ஒரு பாராளுமன்ற உறுப்பினர் அதிலிருந்து கேள்வி எழுப்பலாம். ஹெட்ஜிங் விவகாரத்தில் அவ்வாறு கையிலெடுக்க உயர் நீதிமன்றத்தின் தீர்ப்பு என்று எதுவுமில்லை. ஒப்பந்தங்களின் உள்விபரங்களை அறிய விரும்பும் இலங்கையர் ஒருவர் இன்று வாசிக்க வேண்டியிருப்பது லண்டன் நீதிமன்றத்தின் தீர்ப்பையும் வெளிநாட்டு நியாயசபையின் முடிவையுமே. நமது கூட்டுத்தாபனத்தின் அறைகளுக்குள் நடந்தவற்றை அந்நிய நீதிபதிகள் ஆங்கிலத்தில் எழுதி வைத்திருக்கின்றார்கள்.

மனுச் செய்வோருக்கும் இதில் ஒரு பங்கு உண்டு. விலைக் குறைப்பு என்ற உடனடிப் பயன் கண்முன் தெரிந்தபோது, ஊழல் பற்றிய மூலக் கேள்வி பின்தள்ளப்படுவதை எதிர்த்து உரத்த குரல் எழவில்லை. பத்திரிகைகளாகிய நாமும் அந்நாட்களில் 100 ரூபாவைத்தான் கொட்டை எழுத்தில் அச்சிட்டோம். ஒப்பந்தங்களின் நிபந்தனைகள் உட்பக்கங்களில் ஒதுங்கிக் கிடந்தன. பொதுநல வழக்கொன்று தாக்கலாகும்போது, மனுவின் கேள்விக்கு விடை காணாமல் அதனை முடிவுறுத்துவதில்லை என்ற விதியொன்று நீதிமன்ற நடைமுறையில் சேர்க்கப்படலாம். தனியார் ஒருவரின் வழக்கை அவர் விரும்பினால் வாபஸ் பெறலாம். மக்களின் பெயரால் வந்த வழக்கை மனுதாரரோ நீதிபதியோ இடைநடுவில் விட்டுச் செல்ல அனுமதி யாரிடமிருந்து பெறப்படுகின்றது?

வங்கிகளுக்கு இறுதியில் செலுத்தப்பட்ட பணம் எவருடைய சட்டைப் பையிலிருந்தும் வரவில்லை. கூட்டுத்தாபனத்தின் கணக்கு, திறைசேரியின் கணக்கு என்று அது எங்கு பதியப்பட்டிருந்தாலும், கடைசியில் எரிபொருள் நிரப்பு நிலையத்தில் நிற்பவரிடமிருந்தே அறவிடப்படுகின்றது. 2022 ஓகஸ்டில் இக்கூட்டுத்தாபனம் மண்ணெண்ணெயின் விலையை லீற்றர் 87 ரூபாவிலிருந்து ஒரே இரவில் 340 ரூபாவாக உயர்த்தியது. அந்த உயர்வுக்கும் ஹெட்ஜிங்குக்கும் நேரடித் தொடர்பிருப்பதாக நாம் கூறவரவில்லை. ஆனால் மறுநாள் காலையில் படகை இறக்குவதா இல்லையா என்று மன்னாரிலும் முல்லைத்தீவிலும் கல்முனையிலும் யோசித்துக்கொண்டு நின்ற கடற்றொழிலாளர்களுக்கு, கூட்டுத்தாபனத்தின் நட்டக் கணக்கில் எந்த வரி எவரால் எழுதப்பட்டது என்று கேட்க உரிமை உண்டு. 2008 நவம்பரில் அவர்களின் பெயராலும் அந்தக் கேள்வி ஒரு முறை கேட்கப்பட்டது. அந்தக் கோவை 2009 ஜனவரி 27 ஆம் திகதியுடன் மூடப்பட்டிருக்கின்றது.